இன்னொரு தரம் உருட்டலாமா? கால மந்திரமும் பக்தாத் வாசலும்

கடந்த ஹஜ்ஜுப் பெருநாள் லீவில் என் தங்கச்சியின் மகன் மூன்று கூட்டாளிமாரைக் கூட்டிக்கொண்டு எங்கள் வீட்டு விறாந்தையில் குந்தியிருந்து ஏதோ விளையாடிக்கொண்டிருந்தான். பலகை இல்லை, காய் இல்லை. ஆளுக்கொரு தாள், ஒரு பென்சில், நடுவில் இருபது முகங்கொண்ட ஒரு பகடை. அஸர் தொழுதுவிட்டு வந்து கதிரையில் சாய்ந்த எனக்கு அவர்களின் பேச்சில் பாதி விளங்கவில்லை. ஒரு வசனம் மட்டும் தெளிவாகக் காதில் விழுந்தது.

"தோத்துப்போச்சா? சரி, நான் நேரத்தத் திருப்புறன். திரும்ப உருட்டு."

யாரும் சிரிக்கவில்லை. எதிரே இருந்த பொடியன் மறுபேச்சில்லாமல் பகடையை எடுத்து இன்னொரு தரம் உருட்டினான். முதல் தரம் நடந்தது நடக்காததாகிவிட்டது.

இரவு சாப்பாட்டுக்குப் பிறகு மருமகனைக் கூப்பிட்டு விசாரித்தேன். "இது சூனியமில்ல மாமா, கணக்கு" என்று சொல்லிவிட்டு ஒரு தடித்த புத்தகத்தைக் கொண்டுவந்து வைத்தான். முப்பது வருஷம் தமிழ் படிப்பித்தவன் நான். புத்தகம் என்று கையில் கொடுத்தால் வாசிக்காமல் இருக்க எனக்குத் தெரியாது. வாசித்தேன். அதிலிருந்து இன்னொரு கதைக்குப் போனேன். அந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கவே இந்தக் கட்டுரை.

விளையாட்டின் பெயர் டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ். அமெரிக்காவில் கேரி கைகாக்ஸ், டேவ் ஆர்னசன் என்ற இருவர் 1974இல் வெளியிட்டது. ஒருவர் கதை சொல்வார். மற்றவர்கள் அந்தக் கதைக்குள் ஆளுக்கொரு பாத்திரமாக இருந்து, தாங்கள் என்ன செய்கிறோம் என்று சொல்வார்கள். செய்தது பலித்ததா இல்லையா என்பதைப் பகடை தீர்க்கும். மந்திரவாதியாக வருபவருக்கு நெடுங்காலமாக எட்டு வகை மந்திர மரபுகள் இருந்தன. 2020 மார்ச்சில் மெத்யூ மேர்சர் என்பவரின் கற்பனை நிலமான வைல்ட்மவுண்டைப் பற்றி வந்த வழிகாட்டி நூல், அவற்றோடு புதிதாக இரண்டைச் சேர்த்தது. ஒன்று ஈர்ப்பு விசையை ஆளும் மரபு. மற்றது காலத்தை ஆளும் மரபு. இரண்டாவதன் பெயர் குரோனர்ஜி.

ஆங்கிலத்தில் இதை ஸ்கூல் என்கிறார்கள். நம் ஊரில் 'மந்திரப் பள்ளி' என்று மொழிபெயர்த்தால் பள்ளிவாசல் நிர்வாக சபை விளக்கம் கேட்கும். இது கட்டடமல்ல, ஒரு வழிமுறை. மத்ஹப் என்ற சொல்லை நாம் எந்தப் பொருளில் பாவிக்கிறோமோ அந்தப் பொருளில் எடுத்துக்கொண்டால் சரி. கட்டுரையில் 'கால மரபு' என்றே எழுதுகிறேன்.

ஸிஹ்ர் சம்பந்தமான விளையாட்டு கூடுமா கூடாதா என்ற கேள்வி வாசகர் மனதில் எழும் என்பது தெரியும். அது உலமாக்களின் துறை. நான் அதற்குள் கால் வைக்கவில்லை. ஒன்றை மட்டும் குறித்துக்கொள்கிறேன். குர்ஆனில் ஸிஹ்ரைக் கற்பிக்கும் காட்சி ஒன்று உண்டு, பாபிலில் ஹாரூத், மாரூத் பற்றியது. அவர்கள் 'நாங்கள் ஒரு சோதனை, நிராகரித்துவிடாதே' என்று எச்சரிக்காமல் எவருக்கும் கற்பிக்கவில்லை என்று அல்பகறா சூறா சொல்கிறது. எச்சரிக்கையோடு வரும் ஆசிரியர் என்ற இந்தப் படிமம் பின்னால் எனக்குத் தேவைப்படும்.

இப்போது கால மரபு என்ன செய்கிறது என்று பார்ப்போம். இரண்டாம் படிநிலையிலேயே கிடைக்கும் வித்தை, மருமகன் விறாந்தையில் செய்தது. தன்னைச் சுற்றி முப்பது அடிக்குள் ஒருவர் பகடை உருட்டுகிறார். வென்றாரா தோற்றாரா என்று பார்த்த பிறகு, மந்திரவாதி அதை ரத்துச் செய்து மறுபடி உருட்டச் சொல்லலாம். இரண்டாம் தரம் விழுந்ததுதான் செல்லுபடியாகும். இதை இரண்டு முறை செய்யலாம். பிறகு நீண்ட ஓய்வெடுக்க வேண்டும், அதாவது எட்டு மணித்தியாலம். எழும்பினால் மறுபடி இரண்டு. இன்னும் மேலே போனால் எதிரியை ஒரு கணம் உறையவைக்கலாம். அதற்கும் மேலே, ஓதிய மந்திரத்தைச் சிறு மணியாக உறையவைத்து ஒரு மணித்தியாலம் வரைக்கும் பிறர் கையில் கொடுத்து வைக்கலாம். இவை வெறும் சாமர்த்தியங்கள்.

பதினான்காம் படிநிலையில் வரும் வித்தைதான் என்னை நிறுத்தியது. அதில் பகடையைப் பார்க்கவே வேண்டியதில்லை. விழுந்த எண்ணை ஒதுக்கிவிட்டு, காரியம் பலிக்கட்டும் என்றோ பலிக்காமல் போகட்டும் என்றோ மந்திரவாதியே தீர்மானிக்கிறார். ஆனால் ஒவ்வொரு தரமும் உடம்பில் ஒரு படி களைப்பு ஏறும். களைப்புக்கு அந்த விளையாட்டில் ஆறு படிகள். ஆறாவது படி மௌத்து. ஏறிய களைப்பு நீண்ட ஓய்வொன்றுக்கு ஒரு படிதான் இறங்கும். கத்ரை கையில் எடுத்துக்கொண்டவனின் உடம்பு அதைத் தாங்காது என்று விளையாட்டுச் சட்டம் எழுதிய யாரோ ஒருவருக்குத் தோன்றியிருக்கிறது. இந்த மரபில் எனக்கு மரியாதை ஏற்படுத்திய இடம் இதுதான். கீழ்ப்படி வித்தைக்கு ஏன் விலை இல்லை என்று மருமகனிடம் கேட்டேன். "விலை வச்சா யாரும் எடுக்க மாட்டாங்க மாமா" என்றான். வியாபார நியாயம்.

இன்னொரு மந்திரத்தையும் சொல்ல வேண்டும். உச்சமான ஒன்பதாம் நிலையில் உள்ளது. அகப்பட்டவரைக் கிழமாக்கி, முதுமையால் சாவதற்கு முப்பது நாள் மட்டுமே மிச்சமுள்ள கட்டத்தில் கொண்டுபோய் நிறுத்துகிறது. அதை ஓத, ஐயாயிரம் பொற்காசு பெறுமதியான வைரத்தூள் நிரப்பிய மணற்கடிகாரம் ஒன்று வேண்டும். அது ஓதியதோடு அழிந்துவிடும். இவ்வளவு நுணுக்கமாகச் செலவுக் கணக்கு எழுதியவர்கள், அந்த முப்பது நாளை ஒரு மனுஷன் எப்படிக் கழிப்பான் என்று ஒரு வரியும் எழுதவில்லை. ஒரு எழுத்தாளனுக்கு முழு நாவலுக்கான விஷயம் அது. இங்கே அது எதிரிக்கு விழுந்த அடியின் கணக்கு மட்டும்.

அந்த உலகத்தில் இந்த வித்தைகளின் ஊற்று க்ரின் என்ற வம்சத்தாரிடம் இருக்கிறது. அவர்கள் லக்ஸன் என்ற ஒளியை வணங்குபவர்கள். அவர்களிடமுள்ள சில ஒளிக்கலங்களோடு தொடர்புபட்ட ஆன்மா இறந்த பின் வேறொரு உடம்பில் மீண்டும் பிறக்கும். காலத்தைத் திருப்பும் மரபை மறுபிறப்பை நம்பும் சமூகத்தில் பிறக்கவைத்தது பொருத்தமானதே. திரும்பத் திரும்ப வரலாம் என்பவனுக்குப் பகடையை இன்னொரு தரம் உருட்டுவது பெரிய காரியமில்லை. ஒரே வாழ்வு, ஒரே கணக்கு, அதன் பின் எழுப்பப்படுதல் என்று நம்பும் நமக்கு இந்த மரபு அந்நியமாகத் தோன்றுவதற்குக் காரணம் மந்திரம் மட்டுமல்ல.

நூலை இரண்டாம் தரம் வாசித்தபோதுதான் ஒரு விஷயம் பிடிபட்டது. காலத்தை ஆள்கிறோம் என்று இவ்வளவு பெரிதாகச் சொல்லும் இந்த மரபில், நேற்றைக்குப் போகும் வித்தை ஒன்றுமே இல்லை. விளையாட்டில் சண்டையின் ஒரு சுற்று என்பது ஆறு விநாடி. கால மரபின் கை பின்னோக்கி நீளும் தூரம் அவ்வளவுதான், சற்று முன் விழுந்த பகடை வரைக்கும். ஏன் என்று மருமகனிடம் கேட்டதற்கு அவன் யோசித்துச் சொன்ன பதிலை அப்படியே தருகிறேன்: "நேத்து நடந்தத நாலு பேரும் சேந்துதானே மாமா ஆக்கின. அத ஒராள் வந்து அழிச்சா மத்தவங்க என்னத்த விளையாடுற?"

எந்த விமர்சகரும் இதைவிடச் சரியாகச் சொல்லியிருக்க மாட்டார். கடந்த காலம் ஒருவருக்குச் சொந்தமானதல்ல, பலர் சேர்ந்து கட்டியது. கதை எதை வேண்டுமானாலும் சொல்லட்டும், சட்டம் எழுதியவர்கள் அதை அறிந்தே எல்லை போட்டிருக்கிறார்கள்.

ஆனால் ஆறு விநாடிக்குள் திருத்தக்கூடிய பிழைகளை வைத்துக்கொண்டு மனுஷன் என்ன செய்வது? நம்மை இரவில் எழுப்பி உட்காரவைப்பவை வேறு.

என் விஷயத்தைச் சொல்கிறேன். பதினாறு வருஷத்துக்கு முன்னால், ஒரு வியாழக்கிழமை தங்கச்சி போன் பண்ணினாள். "உம்மா ஒரு மாதிரி இரிக்கா காக்கா, வந்துட்டுப் போங்க" என்றாள். நான் அப்போது வெளியூரில் பரீட்சை விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தேன். ஞாயிற்றுக்கிழமை வாறன் என்றேன். சனி சுபஹுக்கு உம்மா மௌத்து. அந்த வியாழக்கிழமைப் பகடையை நான் எத்தனை தரம் மனதுக்குள் உருட்டியிருப்பேன் என்று அல்லாஹ்தான் அறிவான். போயிருந்தால், வெள்ளி காலை பஸ் எடுத்திருந்தால், என்று. ஸஹீஹ் முஸ்லிமில் வரும் ஹதீஸ் நமக்குத் தெரியாததல்ல. ஒன்று நேர்ந்துவிட்டால் 'இப்படிச் செய்திருந்தால்' என்று சொல்லவேண்டாம், அந்த 'இருந்தால்' ஷைத்தானின் வேலைக்குக் கதவைத் திறக்கிறது என்பது அதன் கருத்து. குத்பாவில் எத்தனை தரம் கேட்டது. கேட்டதும், கதவு திறந்தே கிடந்ததும், இரண்டும் உண்மை.

அந்த நிலையில் இருக்கும் ஒருவனுக்கு கால மரபு தரக்கூடியது எதுவுமில்லை. டெட் சியாங்கின் கதையிடம் இருக்கிறது.

சியாங் தைவானிலிருந்து குடியேறிய பெற்றோருக்கு அமெரிக்காவில் பிறந்தவர். குறைவாக எழுதுபவர். அவருடைய குறுநாவல் ஒன்று 2007இல் வந்தது. தமிழில் 'வணிகனும் ரசவாதியின் வாசலும்' என்று பெயர் சொல்லலாம். நெபுலா விருதும் மறுவருஷம் ஹியூகோ விருதும் அதற்குக் கிடைத்தன. இப்போது 2019இல் வெளியான அவரது 'எக்ஸலேஷன்' தொகுப்பில் முதல் கதையாக இருக்கிறது.

பக்தாதில் புடவை வியாபாரம் செய்யும் ஃபுவாத் இப்னு அப்பாஸ் கலீஃபாவின் முன் நின்று தன் கதையைச் சொல்கிறான். கடைத்தெருவில் பஷாரத் என்ற ரசவாதியைச் சந்திக்கிறான். பஷாரத்திடம் ஒரு வாசல் இருக்கிறது. ஒரு பக்கத்தால் நுழைந்தால் இருபது வருஷம் முன்னே, மறுபக்கத்தால் நுழைந்தால் இருபது வருஷம் பின்னே. நுழைய முன் பஷாரத் மூன்று கதைகள் சொல்கிறார். மூன்றும் எச்சரிக்கைகள். ஹாரூத், மாரூத்தை நான் மேலே குறித்ததற்குக் காரணம் இதுதான். கால மரபில் எச்சரிக்கும் ஆசிரியர் கிடையாது, சட்டப் புத்தகம்தான் உண்டு. இங்கே வித்தையைவிட எச்சரிக்கை நீளம்.

மூன்றில் என்னை அதிகம் பிடித்தது நெசவாளி அஜீபின் கதை. அஜீப் வாசலால் நுழைந்து இருபது வருஷத்துக்குப் பிந்திய தன் வீட்டைப் பார்க்கிறான். கிழ அஜீப் அதே பழைய வீட்டில், கந்தலுடுத்து, பெட்டி நிறையப் பொன்னை வைத்துக்கொண்டு தரித்திரமாக வாழ்கிறான். இப்படிப்பட்ட கஞ்சனுக்குக் காசு எதற்கு என்று இளைஞன் அந்தப் பெட்டியைத் திருடி வந்து, செலவழித்து, கல்யாணமும் முடிக்கிறான். பிறகு அவன் மனைவியைக் கடத்துகிறார்கள், மீட்கக் காசு போகிறது. அதன் பின்புதான் அவனுக்குத் தெளிவு வருகிறது. திருடியதைத் திரும்ப வைக்க வேண்டும். புருஷனும் பெண்சாதியும் வாயைக் கட்டி வயிற்றைக் கட்டிக் காசு சேர்க்கிறார்கள். அந்தக் கஞ்சன் யாரென்று இப்போது விளங்குகிறது அல்லவா? கடன் இருக்கிறது என்பதற்காகத் தன் வாழ்நாளையே செலவழித்தவனை, கடனாளியே பார்த்துச் சிரித்திருக்கிறான். பகடையைத் திரும்ப உருட்டும் மரபில் இந்தக் கதை பிறந்திருக்காது. அங்கே திருட்டு ரத்தாகும். இங்கே திருப்பிக் கொடுக்கப்படுகிறது. தவ்பாவின் நிபந்தனைகளில் பிறருடைய ஹக்கைத் திருப்பிக் கொடுப்பதும் ஒன்று என்று சின்ன வயதில் மத்ரஸாவில் படித்தவனுக்கு அஜீபின் கதையை விளங்க உரை தேவையில்லை.

ஃபுவாதின் சொந்தக் கதை இதுதான். இருபது வருஷத்துக்கு முன் அவன் பஸறாவுக்கு வியாபாரம் போகப் புறப்பட்டபோது மனைவி நஜ்யாவுடன் வாக்குவாதம். அடிமை வியாபாரத்தில் அவன் இறங்குவது அவளுக்குப் பிடிக்கவில்லை. கோபத்தோடு போனான். திரும்பி வருமுன், ஒரு பள்ளிவாசலின் சுவர் இடிந்து விழுந்து அவள் இறந்துபோனாள். அந்தக் கோபத்தோடு இருபது வருஷம் வாழ்ந்தவன் வாசலைக் கண்டதும் என்ன செய்வான்?

பஷாரத்தின் பக்தாத் வாசல் அண்மையில்தான் கட்டப்பட்டது. கட்டிய நாளுக்கு முன்னால் அதால் போக முடியாது. ஆனால் கெய்ரோவில் அவரே முன்பு கட்டிய பழைய வாசல் ஒன்று இருக்கிறது. ஆகவே ஃபுவாத் கெய்ரோவுக்குப் போய், அங்கே இருபது வருஷம் பின்னே நுழைந்து, அங்கிருந்து பாலைவனம் கடந்து அந்தக் காலத்து பக்தாதுக்கு வரவேண்டும். இந்தக் கட்டுப்பாடு ஆசிரியரின் வெறும் கற்பனையல்ல, கிப் தோர்ன் என்ற பௌதிகவியலாளரின் சிந்தனையிலிருந்து எடுத்தது. அதைக் கதைக்குள் அவர் பயன்படுத்திய விதத்தைத்தான் நான் ரசித்தேன். இருபது வருஷத்தை ஃபுவாத் ஓரடியில் கடக்கிறான். மிச்சமிருக்கும் கெய்ரோ பக்தாத் தூரத்தைக் கடக்க ஒட்டகத்தின் கால்தான் இருக்கிறது. அங்கேதான் தடைமேல் தடை. பஸ்ஸுக்குக் காத்திருந்த எவருக்கும் இந்தப் பகுதி நெஞ்சில் இடிக்கும். அவன் வந்து சேரும்போது சுவர் இடிந்துவிட்டது.

அவன் எதையும் மாற்றவில்லை. ஆனால் மாரிஸ்தானில் நஜ்யாவைக் கடைசி நேரத்தில் பராமரித்த பெண் அவனைக் கண்டு, அவள் சொல்லிவிட்டுப் போன வார்த்தையைச் சேர்ப்பிக்கிறாள். கோபம் அதிலில்லை. அவனோடு வாழ்ந்த காலம் சந்தோஷமானது என்பதே சாரம். முதல் தரம் வாழ்ந்தபோது அந்தச் செய்தி அவனுக்குக் கிடைத்திருக்கவில்லை. நடந்தது நடந்ததுதான். நடந்ததில் அவன் அறியாத ஒரு பகுதி இருந்திருக்கிறது.

கதைக்கு முஸ்லிம் களத்தை ஏன் தெரிவுசெய்தேன் என்று சியாங் தொகுப்பின் பின்குறிப்பில் சொல்கிறார். விதியை ஏற்பது இஸ்லாத்தின் அடிப்படை நம்பிக்கைகளில் ஒன்று என்பது ஒரு காரணம். கதைக்குள் கதை வரும் ஆயிரத்தொரு இரவுகளின் பாணி காலப் பிரயாணத்துக்கு ஒத்துப்போகும் என்பது மற்றது. முதற் காரணத்தைப் படித்ததும் எனக்குக் கொஞ்சம் கோபம் வந்தது. முஸ்லிம் என்றால் கையைக் கட்டிக்கொண்டு 'நஸீபு' என்று குந்தியிருப்பவன் என்ற பழைய ஐரோப்பியப் படம் மேற்கில் இன்னும் சாகவில்லை. நம்மிலும் சிலர் அப்படித்தான் பேசுகிறோம், குறிப்பாக அடுத்தவர் வீட்டுக் கஷ்டத்தைப் பற்றிப் பேசும்போது. கழா கத்ரை நம்பியவர்கள் எப்படி நடந்தார்கள் என்பதற்கு உமர் ரலியல்லாஹு அன்ஹு அவர்களின் நிகழ்ச்சி போதும். ஷாமுக்குப் போகும் வழியில் கொள்ளைநோய்ச் செய்தி கேட்டுத் திரும்ப முடிவெடுத்தபோது, அல்லாஹ்வின் கத்ரைவிட்டு ஓடுவதா என்று அபூஉபைதா கேட்டார்கள். ஒரு கத்ரிலிருந்து இன்னொரு கத்ருக்குத்தான் போகிறோம் என்ற கருத்தில் உமர் பதிலளித்தார்கள்.

ஆனால் பின்குறிப்பைவிடக் கதை நல்லது. எழுத்தாளர் தன் கதையைப் பற்றிச் சொல்வதை முழுக்க நம்பக்கூடாது என்பதற்கு இது இன்னுமொரு சான்று. இந்தக் கதையில் யாரும் சும்மா குந்தியிருக்கவில்லை. அஜீப் சேமிக்கிறான். ஃபுவாத், மாற்ற முடியாது என்று எச்சரிக்கப்பட்ட பின்பும் பாலைவனத்தைக் கடக்கிறான். விளைவு முன்பே இருந்தது என்றாலும் அந்த விளைவு இவர்களுடைய கால்நடையால் ஆனது. கத்ர் பற்றி நம் அறிஞர்கள் எவ்வளவோ பக்கங்கள் எழுதிய ஒரு நுட்பத்தை, முஸ்லிமல்லாத ஒருவர் புடவை வியாபாரி ஒருவனின் பிரயாணமாக்கிக் காட்டிவிட்டார்.

குறைகளும் உண்டு. பாத்திரங்கள் வாயைத் திறந்தால் அல்லாஹ்வின் புகழ் வருகிறது, சினிமா அரபிகளைப்போல. எல்லாரும் ஒரே குரலில், ஒரே நிதானத்தில் பேசுகிறார்கள். கெய்ரோக் கடைத்தெருவில் ஒருவரும் ஒருவரை ஏசுவதில்லை என்பதை நான் நம்பத் தயாரில்லை. மூன்றாவது கதையில் றானியா என்ற பெண், பின்னாளில் தன் கணவனாகப்போகும் இளைஞன் ஹஸனைத் தேடி வாசலால் போகிறாள். அவளுடைய கணக்கில் அவன் கணவன், அவனுடைய கணக்கில் நிகாஹ் இன்னும் நடக்கவில்லை. இதற்கு ஃபத்வா கேட்டால் எந்த முஃப்தியும் வியர்த்துப்போவார். கதையாசிரியருக்கு அந்தச் சங்கடம் எட்டவேயில்லை. எட்டியிருந்தால் அந்தக் கதை இன்னும் சுவாரஸ்யமாகியிருக்கும் என்பது என் அபிப்பிராயம்.

இன்னொன்றும் சொல்லத் தோன்றுகிறது. எகிப்தைக் கதைக்களமாக்க நமக்கு அமெரிக்கர் வழிகாட்ட வேண்டியதில்லை. கண்டியில் பிறந்த சித்திலெப்பை 1885இலேயே 'அசன்பேயுடைய கதை'யில் அங்கே போய்விட்டார். காலம் புரளும் கதைகளுக்கும் நமக்கு வெளியே போகவேண்டியதில்லை. குகைவாசிகள் முந்நூற்றொன்பது வருஷம் உறங்கி எழுந்து, ஒரு நாளோ அதில் ஒரு பகுதியோ என்று தங்களுக்குள் பேசிக்கொள்கிறார்கள். நூறு வருஷம் மௌத்தாக்கி எழுப்பப்பட்டவரும் அதையே சொல்கிறார். காலம் அவர்கள் கையில் இல்லை. எவ்வளவு கழிந்தது என்பதுகூடச் சொல்லித்தான் தெரியவருகிறது. இந்த ஊற்றிலிருந்து எடுத்து எழுதிய நவீன கதை ஒன்று ஈழத்து முஸ்லிம் எழுத்தில் என் கண்ணில் படவில்லை. எழுதுபவர் இருந்தால் முதல் வாசகன் நான்.

சியாங்கின் கதையைத் தமிழாக்கிப் பார்க்க உட்கார்ந்தேன். பாதி முடிந்திருக்கிறது. ஒரு மாலை தங்கச்சி வந்தபோது ஃபுவாதும் நஜ்யாவும் வரும் பகுதியை வாசித்துக் காட்டினேன். அவள் பேசாமல் கேட்டாள். வாசித்து முடித்த வேகத்தில், பதினாறு வருஷமாகக் கேட்காத கேள்வியைக் கேட்டுவிட்டேன். அந்த வெள்ளிக்கிழமை உம்மா என்னைக் கேட்டாவா?

தங்கச்சி என்னை ஒரு மாதிரிப் பார்த்தாள்.

"உங்களையா? இல்ல காக்கா. உம்மா அண்டைக்கு உங்களக் கேக்கவே இல்ல. வட்டைக் குத்தகைக் காசு வந்துட்டா, வந்துட்டா எண்டுதான் கேட்டுக் கெடந்தா. கடைசி மட்டும் அதான் பேச்சு."

எனக்கு முதலில் சிரிப்பு வந்தது. பிறகு வேறொன்று வந்தது. நான் பதினாறு வருஷமாக மனதில் கண்ட காட்சியில் உம்மா வாசலைப் பார்த்துக்கொண்டு என் பெயரைச் சொல்லிக்கொண்டிருந்தா. அப்படி ஒரு வெள்ளிக்கிழமை நடக்கவேயில்லை. நடந்தது, வயல்காரனை நினைத்துக் கவலைப்பட்ட ஒரு குடும்பத் தலைவியின் வெள்ளிக்கிழமை.

குத்தகைக் காசு திங்கட்கிழமை வந்தது. மௌத்து வீட்டு முற்றத்தில் வைத்து அதை எண்ணி வாங்கியது நான்தான்.